மதகுக்காரி

கும்மிடிப்பூண்டி
11 பிப்ரவரி 2024

ஸ்ரீஜா,

என் எண்ணை நீ பிளாக் செய்து வைத்திருக்கிறாய். ரூமில் இருக்கும் வேறு யாருடைய போனிலிருந்தாவது கூப்பிடலாம். ஆனால் பேசினால் போன தடவை மாதிரியே முடியும். அதனால்தான் தபால்.

ஒன்றே ஒன்று கேட்கிறேன். உன் புத்தகத்தில் குழலியைத் துரோகியாக்காதே.

புத்தகம் உன் பெயரில் மட்டும் வருவதில் எனக்கு இப்போது வருத்தமில்லை. என் சித்தி வீட்டில் தங்கி உன்னோடு கல்லூரிக்குப் போன வருடங்களில், திருவள்ளூரிலிருந்து சென்ட்ரல் வரை ரயிலில் நாம் இருவரும் சேர்ந்து கட்டிய நாடுதான் ஏழ்மதகு. ஆனால் நான் வாயால் சொன்னதோடு சரி. உட்கார்ந்து எழுதியவள் நீ. அது வேறு விஷயம்.

இங்கே நடந்திருப்பது உனக்குத் தெரியாது. எங்கள் கம்பெனி பஸ் கும்மிடிப்பூண்டியிலிருந்து தேர்வாய் கண்டிகை போய்ச் சேர முக்கால் மணி நேரம் ஆகும். எல்லாரும் தூங்குவார்கள், இல்லையென்றால் போனைப் பார்ப்பார்கள். மழைக்காலத்தில் ஒரு நாள் பாலத்தில் தண்ணீர் போகிறது என்று பஸ் நின்றுவிட்டது. சிக்னலும் இல்லை. பக்கத்தில் இருந்தவர்களுக்கு ஏழ்மதகைச் சொன்னேன். மந்திரத்தால் அடங்கிக் கிடக்கும் பெரிய ஏரி. அதற்கு ஏழு மதகுகள். ஒவ்வொரு மதகும் அதன் காவல்காரி ஒரு சொல்லைச் சொன்னால்தான் திறக்கும், வேறு யார் சொன்னாலும் திறக்காது. கரைக்குக் கீழே கீழூர். அவ்வளவுதான் சொன்னேன். மறுநாள் மீதியைக் கேட்டார்கள்.

பிறகு ஒவ்வொருத்தியும் ஒரு ஆளை எடுத்துக்கொண்டாள். நான் என்ன நடக்கிறது என்று சொல்வேன். அவரவர் ஆள் என்ன செய்கிறாள் என்று அவரவர் சொல்வார்கள். ஏழாம் மதகின் குழலியைப் பூமிகா எடுத்துக்கொண்டாள். ஊத்துக்கோட்டைப் பக்கத்துப் பெண். என் லைனில், தகட்டை அழுத்தி வடிவமைக்கும் பிரஸ் மெஷினை ஓட்டுகிறாள், கான்ட்ராக்டில். ஒரு வருடமாக என்னோடு பத்து வார்த்தை பேசியிருக்க மாட்டாள். குழலியாக இருக்கும்போது பேசுகிறாள்.

நம் கதைப்படி குழலி எதிரி அரசனுக்கு மதகைத் திறந்துவிட வேண்டும். நான் கேட்டுப் பார்த்துவிட்டேன். அவள் சொல்லைச் சொல்ல மாட்டேன் என்கிறாள். இவ்வளவு நாள் அவள் பேசுவதைக் கேட்டபிறகு எனக்கும் அது சரியென்று படுகிறது.

இளமதி


திருவள்ளூர்
20 பிப்ரவரி 2024

இளமதி,

கடிதம் கிடைத்தது. அப்பா கோவிலிலிருந்து வரும்போது தபால்காரர் வழியிலேயே கொடுத்துவிட்டாராம். உன் கையெழுத்தை அடையாளம் கண்டுகொண்டார். நீ ஏன் இப்போதெல்லாம் வருவதில்லை என்று கேட்டார். வேலை அதிகம் என்றேன்.

நீ கேட்பதை என்னால் செய்ய இயலாது. நாவலின் முதல் பக்கத்திலேயே ஏரியின் முழக்கம் கேட்கிறது. அதற்குப் பிறகு வரும் ஒவ்வொரு அத்தியாயமும் ஏழாம் மதகு திறப்பதை நோக்கித்தான் நகர்கிறது. குழலி சொல்லைச் சொல்கிறாள், கீழூர் மூழ்குகிறது, கதை முடிகிறது. இதை நாம் இருவரும் சேர்ந்து தீர்மானித்தோம். அப்போது நீதான், ஆவடி தாண்டும்போது, மூழ்கும் ஊரை வீடு வீடாகச் சொன்னாய். எனக்கு அழுகை வந்தது. அது வேண்டும் என்பதற்காகத்தான் இத்தனை வருடம் எழுதினேன்.

இன்னொன்று. ஜூலைக்குள் பிரதியைக் கொடுக்க வேண்டும் என்று பதிப்பாளர் சொல்லியிருக்கிறார். புத்தகம் வருவதற்கு முன்பே ஒரு பஸ் முழுக்கக் கதை தெரிந்திருப்பது எனக்கு உவப்பாக இல்லை. நிறுத்திவிடு. இதை வக்கீலாகச் சொல்லவில்லை. சொல்ல நேர்ந்தால் வேறு விதமாகச் சொல்வேன்.

உன் பூமிகா ஒரு பாத்திரத்தை ஏற்று நடிக்கிறாள். பாத்திரம் அவளுடையது அல்ல.

ஸ்ரீஜா


கும்மிடிப்பூண்டி
10 மார்ச் 2024

ஸ்ரீஜா,

நீ சொன்னபடி நிறுத்தினேன். தொண்டை சரியில்லை என்று சொல்லி ஜன்னல் பக்கம் உட்கார்ந்துகொண்டேன். முதல் நாள் பேசாமல் இருந்தார்கள். அடுத்த நாள் பின் சீட்டில், என் லைனில் இருக்கும் சோனியா ஆரம்பித்துவிட்டாள். கீழூரில் மீன் வறுத்து விற்கும் பொன்னி என்று ஒருத்தி இருக்கிறாள் இல்லையா? உனக்குத் தெரிந்திருக்க வாய்ப்பில்லை, அவளை உண்டாக்கியது சோனியா. அந்தப் பொன்னியின் மகளுக்குக் கல்யாணம் பேசிக்கொண்டிருக்கிறார்கள். மாப்பிள்ளை மூன்றாம் மதகுக்காரியின் தம்பி. இதையெல்லாம் நான் ஏற்பாடு செய்யவில்லை. ஊரில் நொண்டிக் கழுதை ஒன்றும் இருக்கிறது. அது யாருடையது என்பதில் இரண்டு பேருக்குள் மனஸ்தாபம், கேன்டீனில் தனித்தனியாக உட்கார்ந்து சாப்பிடுகிறார்கள்.

போன வாரம் வருகை பதியும் டைம் ஆபீஸ் வாசலில் அடுத்த ஷிப்டுக்காரி ஒருத்தி என்னை நிறுத்தினாள். அவளை நான் பார்த்ததுகூட இல்லை. உங்கள் பஸ்ஸில் குழலி இன்னும் உயிரோடு இருக்கிறாளா என்று கேட்டாள். அவர்கள் பஸ்ஸில் செத்துவிட்டாளாம். எப்படிச் செத்தாள் என்று கேட்டேன். "அது பெரிய கத" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டாள்.

இதை எப்படி நிறுத்துவது என்று எனக்குத் தெரியவில்லை. உனக்குத் தெரிந்தால் எழுது.

பழையபடி நானே சொல்ல ஆரம்பித்துவிட்டேன், கொஞ்சமாவது நம் பாதையில் இருக்கட்டும் என்று. குழலியின் அண்ணனை எதிரி அரசன் சிறைபிடித்தான். நீ எழுதியிருப்பதும் அதுதானே? நீ சொல்லைச் சொன்னால் அண்ணனை விட்டுவிடுகிறேன் என்று அரசனாக நான் கேட்டேன். பூமிகா வெளியே பார்த்துக்கொண்டே இருந்தாள். கவரப்பேட்டை போனபிறகுதான் வாயைத் திறந்தாள்.

"நா சொல்ல மாட்டேங்க்கா. கீழூரு ஜனம் நம்மள இன்னா பண்ணுச்சு?"

அண்ணன் போய்விடுவானே என்றேன். அவன் இருந்தாலும் இதையேதான் சொல்வான் என்றாள். அண்ணனைக் கொல்ல எனக்கு மனம் வரவில்லை. சிறையிலேயே வைத்திருக்கிறேன்.

இளமதி


திருவள்ளூர்
19 மார்ச் 2024

இளமதி,

நீ அரசனாக இருக்கத் தெரியாதவள். அதுதான் சிக்கல்.

உன் கடிதத்தை இரண்டு முறை படித்தேன். அந்தக் கழுதையை நான் எதிர்பார்க்கவில்லை. என் நாவலின் கீழூரில் மொத்தமே நான்கு பேருக்குத்தான் பெயர் இருக்கிறது என்பது அப்போதுதான் உறைத்தது. மற்றவர்கள் மூழ்குவதற்காக இருக்கிறார்கள்.

இருந்தாலும் கதையை விட முடியாது. உனக்கு ஒரு வழி சொல்கிறேன். குழலியை ஆசையாலும் பயத்தாலும் அசைக்க முடியாது என்றால், நியாயத்தால் அசைக்க வேண்டும். ஏரிக்கரையில் விரிசல் விழட்டும். மதகைத் திறக்காவிட்டால் கரையே உடையும், மதகுக்கு ஒன்றாக இருக்கும் ஏழு ஊரும் போய்விடும். திறந்தால் கீழூர் மட்டும் போகும். இதை அவளிடம் அரசன் சொல்லக் கூடாது. அவள் நம்பும் யாராவது சொல்ல வேண்டும், சக மதகுக்காரி யாராவது. இதிலிருந்து எந்தக் குழலியாலும் தப்ப முடியாது. கோர்ட்டில் எதிர்த்தரப்பு சாட்சியை இப்படித்தான் மூலையில் நிறுத்துவார்கள்.

சீனியர் கூப்பிடுகிறார். அவள் என்ன சொன்னாள் என்று எழுது. புத்தகத்துக்காகக் கேட்கிறேன்.

ஸ்ரீஜா

எண்ணை பிளாக்கிலிருந்து எடுத்துவிட்டேன். ஆனாலும் கடிதமாகவே எழுது. போனில் நீ பாதியில் வைத்துவிடுவாய்.


கும்மிடிப்பூண்டி
28 ஏப்ரல் 2024

ஸ்ரீஜா,

உன் விரிசல் வேலை செய்தது. மூன்றாம் மதகுக்காரியை விட்டுச் சொல்ல வைத்தேன். பஸ்ஸில் சண்டையே வந்துவிட்டது. கீழூர்க்காரர்கள் எல்லாம் பின் சீட்டில், மதகுக்காரிகள் முன்னால். டிரைவர் பஸ்ஸை ஓரம் கட்டப்போவதாகச் சொன்னார். பூமிகா மட்டும் சண்டையில் சேரவில்லை. யோசித்து நாளைக்குச் சொல்வதாகச் சொன்னாள்.

மறுநாள் சொன்னாள். "தண்ணி வரட்டும்க்கா. ஆளுங்கள முன்னாடியே மேட்டுக்கு அனுப்பிடலாம்."

உனக்கும் எனக்கும் இத்தனை வருடத்தில் இது தோன்றவே இல்லை, பார். கரை எவ்வளவு நாள் தாங்கும் என்று என்னைக் கேட்டார்கள். நான் ஏதோ சொன்னேன். அன்றிலிருந்து ஊரைக் காலி செய்துகொண்டிருக்கிறார்கள். யார் யாரைத் தூக்கிக்கொண்டு போவது, கல்யாணத்தை மேட்டில் வைப்பதா, நெல்லை என்ன செய்வது. கழுதைக்கு இரண்டு பேரும் சேர்ந்து ஒரு வண்டி செய்தார்கள். நான் சொல்வதற்கு எதுவும் இல்லாமல் கேட்டுக்கொண்டே வந்தேன்.

இனி எழுதப்போவது கதை இல்லை.

ஆர்டர் அதிகமாகிவிட்டது. எங்கள் பிரஸ் மெஷினில் கை உள்ளே போனால் மெஷின் தானாக நின்றுவிடும், அதற்கு ஒரு சென்சார் உண்டு. அது அடிக்கடி நிறுத்துவதால் உற்பத்தி குறைகிறது என்று சூப்பர்வைசர் பார்த்திபன் அதன்மேல் டேப் ஒட்டச் சொன்னார். என்னிடம்தான் சொன்னார். லைன் லீடர் நான். நான் போய் பூமிகாவிடம் சொன்னேன். அவள் மெஷினை நிறுத்திவிட்டு எழுந்து நின்றாள்.

"டேப்பு ஒட்டினா நா உக்கார மாட்டேங்க்கா. வேற யாரையாச்சும் கூப்டுக்கோ."

இது மேலேயிருந்து வந்த உத்தரவு, கொஞ்ச நாள்தான், பார்த்துக்கொள்ளலாம் என்றெல்லாம் நான் சொன்னேன். பஸ்ஸில் அரசனாக நான் பேசும் குரலிலேயே சொன்னேனோ என்று பிறகு தோன்றியது. அவள் உட்காரவில்லை. மத்தியானம் பார்த்திபன் வந்தார். சாயங்காலம் கான்ட்ராக்டர் ஆள் வந்து நாளையிலிருந்து வர வேண்டாம் என்று அவளிடம் சொல்லிவிட்டான். அவள் இடத்தில் சோனியாவை உட்கார வைத்தார்கள். டேப்பை நானே ஒட்டினேன்.

பஸ்ஸில் குழலி இல்லை. சொல்லைச் சொல்ல வேண்டிய நேரம் வந்துவிட்டது. அவள் சீட்டில் யாரும் உட்காரவில்லை.

இளமதி


திருவள்ளூர்
4 மே 2024

இளமதி,

உன் கடிதம் வந்த அன்றே பூமிகாவும் வந்தாள். அவளுடைய அப்பாவோடு கோர்ட் வாசலில் நின்றுகொண்டிருந்தாள். கதை எழுதுகிற வக்கீல் அக்கா எங்கே இருப்பார்கள் என்று விசாரித்திருக்கிறாள். நீ பஸ்ஸில் என்னைப் பற்றிச் சொல்லியிருக்கிறாய் போல. இங்கே அப்படிச் சொன்னால் யாருக்குத் தெரியும்? எப்படியோ என்னிடம் அனுப்பிவிட்டார்கள்.

திரும்ப வேலையில் சேர்த்துவிடச் சொல்லிக் கேட்பாள் என்று நினைத்தேன். அவள் கேட்டது அது அல்ல. மெஷினில் இன்னும் டேப் இருக்கிறது, அதை எடுக்க யாரிடம் சொல்ல வேண்டும் என்று கேட்டாள். தொழிற்சாலை ஆய்வாளரிடம் மனு கொடுக்கலாம் என்றேன். டேப் ஒட்டச் சொன்னது யார் என்று கேட்டேன். மேலேயிருந்து வந்தது என்றாள். அவளிடம் நேரில் வந்து சொன்னது யார் என்றேன். அவள் அப்பா, "சொல்லும்மா" என்றார். அவள் சொல்லவில்லை.

"அந்த அக்கா நல்லவங்க நைனா. உட்ரு."

எனக்குத் தெரியும் என்று நான் அவளிடம் சொல்லவில்லை.

மனு போட்டாயிற்று. ஆனால் வேலையிலிருந்து நிறுத்தப்பட்டவளின் வார்த்தை மட்டும்தான் அதில் இருக்கிறது. ஆய்வு வருகிற நாளில் டேப்பை உரித்துவிடுவார்கள் என்பது உனக்கே தெரியும். உள்ளே இருக்கும் ஒருவர் எழுத்தில் சொன்னால் நிற்கும். உத்தரவைக் கேட்டவளும் அதைப் பூமிகாவிடம் சொன்னவளும் நீ ஒருத்திதான்.

கட்டாயப்படுத்தவில்லை. சொன்னால் உனக்கு என்ன ஆகும் என்று நிச்சயமாக என்னால் சொல்ல முடியாது. நீ கான்ட்ராக்ட் இல்லை, கம்பெனியின் நேரடி ஊழியர் என்பதால் சட்டம் கொஞ்சம் துணை இருக்கும். நிறைய இருக்காது.

ஸ்ரீஜா


ஆரணி
2 ஜூன் 2024

ஸ்ரீஜா,

ஊருக்கு வந்திருக்கிறேன். ஒரு மாதமாக உனக்குப் பதில் எழுதவில்லை. எழுத உட்கார்ந்தேன், ஆனால் ஒன்றும் சொல்லாத கடிதமாகவே வந்தது. கிழித்துப் போட்டுவிட்டேன்.

எழுத்தில் சொல்லப்போவதைப் பற்றி வீட்டில் சொன்னேன். அப்பா நாற்றங்காலில் நின்றுகொண்டே கேட்டார். குனிந்து களை பறிக்க ஆரம்பித்தார். அம்மாதான் கேட்டாள், மற்றவர்கள் எல்லாம் சும்மா இருக்கும்போது உனக்கு மட்டும் ஏன் இந்தப் பேஜாரு என்று. வருகிற வருடம் என்னை ஸ்டாஃபாக ஆக்குவதாகப் பார்த்திபன் சொல்லியிருந்தார். அதை அம்மா சொந்தக்காரர்கள் எல்லாரிடமும் சொல்லிவிட்டாள்.

நான் சும்மா இருந்துவிடலாம் என்றுதான் முடிவு செய்திருந்தேன். அதை உன்னிடம் மறைக்க வேண்டியதில்லை.

போன வாரம் சோனியாவின் கை மெஷினில் மாட்டிக்கொண்டது. வலது கை. இரண்டு விரலின் நுனி போய்விட்டது. சத்தம் கேட்டு நான் ஓடினேன், ஆனால் மெஷினை நிறுத்தியது வேறு யாரோ. ஆஸ்பத்திரிக்கு வேனில் நான்தான் கூடப் போனேன். அவள் அழவில்லை. பொன்னியின் மகளுக்கு இன்னும் கல்யாணம் முடியவில்லையே என்று சொல்லிக்கொண்டே வந்தாள். மயக்கத்தில் சொல்கிறாள் என்று டிரைவர் நினைத்தார். அவள் மயக்கத்தில் இல்லை.

நான் கம்பெனிக்குத் திரும்பிப் போவதற்குள் டேப்பை உரித்துவிட்டிருந்தார்கள். சோனியாவின் கவனக்குறைவு என்று விபத்து அறிக்கை எழுதிவிட்டார்கள். லைன் லீடராக நானும் அதன் கீழே கையெழுத்துப் போட வேண்டுமாம். காய்ச்சல் என்று சொல்லிவிட்டு இங்கே வந்துவிட்டேன்.

வருகிற 11ஆம் தேதி, செவ்வாய்க்கிழமை திருவள்ளூர் வருகிறேன். ஆய்வாளர் அலுவலகம் எங்கே என்று எனக்குத் தெரியாது. நீ ரயில்வே ஸ்டேஷன் வாசலில் நின்றால் போதும். உள்ளே நானே பேசிக்கொள்கிறேன்.

இளமதி


திருவள்ளூர்
30 ஜூன் 2024

இளமதி,

அன்றைக்கு ஸ்டேஷனில் உன்னைப் பார்த்ததும் சொல்ல வேண்டும் என்று நினைத்திருந்த எதையும் நான் சொல்லவில்லை. நீயும் வெயிலைப் பற்றித்தான் பேசினாய். நாம் ரயிலில் அவ்வளவு பேசியவர்கள் என்று யாரும் நம்ப மாட்டார்கள்.

உன் வாக்குமூலம் போய்ச் சேர்ந்துவிட்டது. ஆய்வு நடந்தது. எல்லா பிரஸ்களிலும் சென்சாரை யாரும் தொட முடியாதபடி கூண்டு போட உத்தரவாகியிருக்கிறது. கவனக்குறைவு என்று எழுதியதைத் திருத்தியாக வேண்டும். சோனியாவின் இழப்பீடு தனி வழக்காக நடக்கும், நானே நடத்துகிறேன். பார்த்திபனை வேறு யூனிட்டுக்கு மாற்றிவிட்டார்களாம். அதற்கு மேலே இருப்பவர்கள் யாரும் நகரவில்லை. இவ்வளவுதான் கிடைத்தது.

பூமிகா போன சனிக்கிழமை வீட்டுக்கு வந்தாள். திரும்ப வேலை கேட்டு மனு போடலாம் என்றேன். வேண்டாம் என்றுவிட்டாள். எல்லையைத் தாண்டி தடாவில் ஒரு கம்பெனியில் சேர்ந்துவிட்டாளாம். பஸ் வசதி பரவாயில்லை என்றாள். அப்பா அவளுக்குக் கோவில் பிரசாதம் கொடுத்துவிட்டு, "நீ யாரும்மா?" என்று கேட்டார். நான் பதில் சொல்வதற்குள் அவளே, "மதகுக்காரி சாமி" என்றாள். அவருக்கு ஒன்றும் புரியவில்லை.

எனக்கு ஒரு கேள்வி இருந்தது. அதைக் கேட்காமல் விட முடியவில்லை. பஸ்ஸில் அத்தனை நாள் சொல்லைச் சொல்லாமல் இருந்து பழகியதால்தான் மெஷினிலும் உட்கார மாட்டேன் என்று சொல்ல முடிந்ததா என்று கேட்டேன். அவள் என்னை வினோதமாகப் பார்த்தாள்.

"கதைக்கும் இதுக்கும் இன்னாக்கா சம்பந்தம்? அது கதை. இது கை."

வாசல்வரை போய்விட்டுத் திரும்பி வந்து, கீழூர் மொத்தமும் மேட்டுக்குப் போய்ச் சேர்ந்ததா என்று கேட்டாள். எனக்குத் தெரியாது என்றேன். உண்மையிலேயே தெரியாது.

கடைசி அத்தியாயத்தை இரண்டு மாதமாகத் திறந்து மூடிக்கொண்டிருக்கிறேன். நான் எழுதி வைத்திருப்பதில் குழலி கரைமேல் நின்று சொல்லைச் சொல்கிறாள், ஊர் தூங்கிக்கொண்டிருக்கிறது. அதைப் படித்தால் இப்போது கீழே இருக்கும் வீடுகளில் யாரும் இல்லை. பாத்திரம் பண்டம்கூட இல்லை. வெள்ளம் வந்து காலி வீட்டுக் கதவுகளைத் தள்ளிக்கொண்டு போகிறது. இதை எப்படி எழுதுவது? அழிவு இல்லாத வெள்ளத்தை எழுத எனக்குப் பயிற்சி இல்லை. பதிப்பாளரிடம் டிசம்பர்வரை அவகாசம் கேட்டிருக்கிறேன். அலுத்துக்கொண்டார்.

பெயர்கள் வேண்டும். பொன்னியின் மகள் பெயர் என்ன? கழுதைக்குப் பெயர் உண்டா? அட்டையில் உன் பெயரும் போடச் சொல்லியிருக்கிறேன். இதற்கு நீ சம்மதம் சொல்லத் தேவையில்லை. ஆட்சேபம் இருந்தால் மட்டும் எழுது.

ஸ்ரீஜா


கும்மிடிப்பூண்டி
4 ஆகஸ்ட் 2024

ஸ்ரீஜா,

ஆட்சேபம் இல்லை.

பொன்னியின் மகள் பெயர் செவந்தி. கல்யாணம் மேட்டில் நடந்துவிட்டது. சோனியா கட்டுப் போட்ட கையோடு ஒரு நாள் பஸ்ஸில் வந்து நடத்திவிட்டுப் போனாளாம். நான் அதைப் பார்க்கவில்லை. கழுதைக்குப் பெயர் வைப்பதில் இன்னும் உடன்பாடு வரவில்லை என்று கேள்வி.

என்னை லைனிலிருந்து எடுத்துவிட்டார்கள். ஸ்டோரில் போட்டிருக்கிறார்கள். வேலையை விட்டு எடுக்கவில்லை, ஸ்டாஃபாக ஆக்கும் பேச்சும் இல்லை. ஸ்டோரில் என்னோடு யாரும் அதிகம் பேசுவதில்லை. ஒருவர் மட்டும் முதல் நாள் வந்து டீ வாங்கிக் கொடுத்தார். ஏன் என்று சொல்லவில்லை. அம்மா போனில் பேசும்போது இதைப் பற்றிக் கேட்பதை விட்டுவிட்டாள்.

ஸ்டோருக்கு ஜெனரல் ஷிப்டு, அதனால் வேறு பஸ். அங்கே என்னை யாருக்கும் தெரியாது. ஏறி உட்கார்ந்த இரண்டாம் நாள் முன் சீட்டில் யாரோ மதகு என்று சொல்வது கேட்டது. இந்த பஸ்ஸிலும் அது இருக்கிறது. இவர்கள் சொல்வதில் மதகு எட்டு. குழலி சொல்லைச் சொல்லிவிட்டாள், ஊர் காலியான பிறகு. அதற்கப்புறம் அவள் எங்கே போனாள் என்று யாருக்கும் தெரியவில்லை. வெள்ளம் வந்து போய்விட்டது. தண்ணீர் இன்னும் வடியவில்லை. மேட்டில் புது ஊர் கட்டிக்கொண்டிருக்கிறார்கள். தண்ணீருக்கு அடியில் பழைய வீடுகளில் விளக்கு எரிவதாகச் சொல்கிறார்கள். அதை ஏற்றுவது யார் என்பதுதான் இப்போதைய கதை. ஸ்ரீஜா, இது உனக்கும் எனக்கும் தோன்றியதே இல்லை.

எட்டு இல்லை, ஏழு என்று திருத்த வாய் வரை வந்துவிட்டது. பேசாமல் இருந்தேன்.

ரம்யா என்று ஒருத்திதான் இங்கே கதையை நடத்துகிறாள். பெயின்ட் ஷாப்பில் வேலை. சின்னப் பெண், கணீரென்ற குரல். நான் தினமும் கேட்டுக்கொண்டே வருவதைப் பார்த்துவிட்டு வெள்ளிக்கிழமை என்னிடம் வந்தாள். "இன்னாக்கா, சும்மாவே கேட்டுக்கினு வர்ற? யாராச்சும் எடுத்துக்கோயேன்" என்றாள்.

யாராக இருந்தாலும் சரி என்றேன். படகுக்காரியாக இருந்தவள் போன வாரம் வேலையை விட்டு நின்றுவிட்டாள், அந்த ஆளை எடுத்துக்கொள் என்றாள். படகுக்காரி என்ன செய்ய வேண்டும் என்று கேட்டேன். பெரிய வேலை ஒன்றுமில்லையாம். மேட்டிலிருந்து யாராவது கூப்பிட்டால் போய் ஏற்றிக்கொண்டு, கேட்ட இடத்தில் இறக்கிவிட வேண்டும். படகுக்காரிக்கு அந்த விளக்கை ஏற்றுவது யார் என்று தெரியுமா என்றேன். தெரியாது என்றாள். அவளுக்கே இன்னும் தெரியாதாம்.

நேற்று பஸ் சிப்காட் வளைவில் திரும்பும்போது பின் சீட்டிலிருந்து யாரோ படகைக் கூப்பிட்டார்கள். போனேன்.

இளமதி